கொடி இறங்கிய பிறகு

ஆரணி
8-3-1981

தம்பி சக்கரவர்த்திக்கு அக்கா ரேணுகாம்பாள் எழுதுவது. இங்கே நான், உன் மச்சான், பிள்ளைங்க எல்லாரும் நல்லா இருக்கிறோம். மச்சானுக்கு மட்டும் இடுப்பு வலி விட்டு விட்டு வருது. தறிக்குழியில உட்கார்றவங்களுக்கு அது வராம இருந்தாத்தான் அதிசயம். உன் உடம்பு எப்படி இருக்குது? நேரத்துக்குச் சாப்பிடறியா?

ஜனவரி பதினெட்டாம் தேதிக்குப் பிறகு உன்கிட்ட இருந்து ஒரு கார்டு கூட இல்ல. மயானக் கொள்ளைக்கு லீவு போட்டுட்டு வர்றேன்னு எழுதி இருந்தே. நானும் வாசலைப் பார்த்துகினு இருந்தேன். வரலன்னா வரலன்னு எழுதக் கூடாதா? பதினோரு வருஷமா பட்டாளத்துல இருக்கிறே, மாசத்துக்கு ரெண்டு கடுதாசி தவறினதில்ல. சண்டை நடந்தப்ப கூட தவறல. இப்ப எந்தச் சண்டை நடக்குது?

உங்க ரெஜிமெண்ட்ல இருக்கிற தேசூர் தனக்கோடி, தங்கச்சி கல்யாணத்துக்குப் புடவை எடுக்க நம்ம வீட்டுக்கு வந்தான். "தம்பி எப்படி இருக்கிறான்"னு கேட்டேன். புடவையை மடிக்கிற சாக்குல தலையைக் குனிஞ்சிகினான். "இருக்கிறான்க்கா, நீங்களே எழுதிக் கேளுங்க"ன்னான். காபி தந்தேன், குடிக்காம போயிட்டான்.

எனக்கு மனசு ஒரு நிலையில இல்ல. இன்னா ஆச்சி? உள்ளது உள்ளபடி எழுது. உன் கடுதாசி வந்த பிறகுதான் எனக்குச் சோறு இறங்கும்.

ரேணுகாம்பாள்


மோர்கேடா கன்டோன்மெண்ட்
22-3-1981

மதிப்பிற்குரிய அக்கா அவர்களுக்கு, தம்பி சக்கரவர்த்தி பணிவுடன் எழுதிக்கொள்வது. தாங்களும் மச்சான் அவர்களும் குழந்தைகளும் சுகமாக இருப்பதை அறிந்து மகிழ்ந்தேன். நானும் சுகமே. எடை கூட இரண்டு கிலோ ஏறியிருக்கிறது.

கடிதம் எழுதாததற்குக் காரணம் வேலைதான். பிப்ரவரி மாதம் ஜெனரல் வந்து பார்வையிட்டார். அதற்காக ஒரு மாதம் ஓய்வே இல்லை. கன்டோன்மெண்டில் ஒரு மரம் விடாமல் அடிமரத்துக்குச் சுண்ணாம்பும் காவியும் அடித்தோம். சாலையோரக் கற்களைக்கூட கழுவி வைத்தோம். ஜெனரல் மிகவும் சந்தோஷப்பட்டார். எங்கள் சுபேதார் என் பெயரை ஹவில்தார் பதவிக்கு எழுதி அனுப்பியிருக்கிறார். இந்த வருடத்துக்குள் கிடைத்துவிடும்.

இங்கே வெயில் ஆரம்பித்துவிட்டது. கிராமத்துப் பக்கம் இலுப்பைப் பூ உதிர்கிற காலம், காற்றெல்லாம் அந்த வாசனை. முன்பு துலாரி கிராமத்திலிருந்து பால் வரும். இப்போது வருவதில்லை, கேண்டீன் பவுடர்தான்.

தனக்கோடி சொன்னதைப் பெரிதாக எடுத்துக்கொள்ள வேண்டாம். துப்பாக்கி, பீரங்கிப் பயிற்சி நடக்கிற மைதானத்தில் கிராமத்து ஆள் ஒருவருக்குச் சின்ன விபத்து. நமக்கு அதில் ஒன்றும் இல்லை. இந்த ஜனங்கள் சொன்னால் கேட்பதில்லை.

மச்சான் இடுப்புக்கு இங்கே கிடைக்கும் தைலம் வாங்கி வைத்திருக்கிறேன். தங்கள் உடம்பைப் பார்த்துக்கொள்ளவும்.

அன்புள்ள தம்பி
சக்கரவர்த்தி


ஆரணி
5-4-1981

சக்கரவர்த்திக்கு,

எல்லாரும் உயிரோட இருக்கிறோம். அது போதும்.

என்னை "தாங்கள்"னு எழுதி இருக்கிறே. சின்ன வயசுல கடையில கல்கண்டு திருடிகினு வந்தப்பவும் என்கிட்ட இப்படித்தான் மரியாதையா பேசுவே. கடுதாசியைப் படிச்சி முடிச்சதும் மச்சான்கிட்ட சொன்னேன், இவன் பொய் எழுதுறான்னு.

தனக்கோடி லீவு முடிஞ்சி திரும்பறதுக்கு முன்னாடி ஜாக்கெட் துணி வாங்க வந்தான். கதவைச் சாத்திட்டு உட்கார வெச்சேன். "நீ சொல்லாம இந்த வீட்டை விட்டுப் போக முடியாது"ன்னேன். அழுதுட்டான் அந்தப் புள்ள.

செத்தது ஒரு பொம்பளையாமே. புல்லு அறுக்கப் போன இடத்துல, நீங்க சுட்டு வெடிக்காம கிடந்த குண்டு வெடிச்சிச் செத்தாளாமே. அவ புருஷனுக்கு இடது கை மணிக்கட்டோட போயிடுச்சாமே. சின்ன விபத்துன்னு எழுதினியே, கை போறது உங்க ஊர்ல சின்னதா?

அதுகூட போகட்டும். அவன் இப்ப ஜெயில்ல இருக்கிறானாம். சிவப்புக் கொடி பறந்துகினு இருக்கும்போதே புருஷனும் பொண்டாட்டியும் பித்தளையும் இரும்பும் திருட உள்ளே நுழைஞ்சாங்கன்னு கேசாம். அதுக்குச் சாட்சிக் கையெழுத்து போட்டது யாருன்னு கேட்டேன். தனக்கோடி எழுந்து கதவைத் திறந்துகினு போயிட்டான்.

கையெழுத்து போட்டியா, இல்லையா? ஒரே வார்த்தை. தைலமும் வேணாம், இலுப்பைப் பூவும் வேணாம். அதை மட்டும் எழுது.

ரேணுகாம்பாள்


மோர்கேடா
20-4-1981

அக்காவுக்கு,

ஆமாம். கையெழுத்து போட்டேன். ஒரே வார்த்தை கேட்டே, சொல்லிட்டேன். திருப்தியா?

நீ நாலு சுவத்துக்குள்ள உட்கார்ந்துகினு நியாயம் பேசறே. இங்கே சுபேதார் "போடு"ன்னா போடணும். "யோசிச்சி சொல்றேன் சார்"னு சொல்ல இது உன் தறிக்கூடம் இல்ல. மேஜர் கையெழுத்து போட்டார், சுபேதார் போட்டார், மூணாவதா நான் போட்டேன். நான் மட்டும் போடலன்னா செத்தவ எழுந்து வந்துடுவாளா? என் பதவிப் பட்டையைப் பிடுங்கி அசாம் பக்கம் எங்கேயாவது தூக்கிப் போடுவாங்க. இன்னும் நாலு வருஷம் இருந்தா பென்ஷன். அதை விட்டுட்டு ஆரணிக்கு வந்து யார் வீட்டுத் தறியில உட்காரச் சொல்றே?

அந்த ஜனங்க ஒண்ணும் யோக்கியம் இல்ல. குண்டு சுட்டு முடிஞ்சதும் பித்தளை பொறுக்க ஓடி வர்றவங்கதான். ஜெயில்ல இருக்கிறவனும் பொறுக்கினவன்தான்.

நீ எழுதாம விட்டது இன்னான்னு எனக்குத் தெரியும். அப்பா விஷயம் வேற, இது வேற. அதை இதுல இழுக்காதே.

தனக்கோடிக்கு வாய் அதிகம். அவனை நான் பார்த்துக்கிறேன்.

பிள்ளைங்களுக்கு என் ஆசி. மச்சானைக் கேட்டதாகச் சொல்.

சக்கரவர்த்தி


ஆரணி
2-5-1981

சக்கரவர்த்திக்கு,

என் கடுதாசி உன்கிட்டதானே இருக்குது, எடுத்துப் படிச்சிப் பாரு. அப்பாவைப் பத்தி ஒரு எழுத்து நான் எழுதல. நீயே இழுத்தே. உன் மனசுக்குத் தெரிஞ்சிருக்குது, அதான் கை தானா எழுதிடுச்சி.

அப்ப உனக்குப் பதினொண்ணு வயசு. எனக்குப் பதினாறு. பாதி உனக்குத் தெரியாது, நான் சொல்லாம வெச்சிருந்தேன். இப்ப சொல்றேன்.

அறுபத்துமூணு தை மாசம். ரைஸ் மில்லுல நெல்லு அவிக்கிற பாய்லர்ல அப்பாவுக்கு வேலை. ஒட்டுப் போட்ட தகட்டுல ஆவி கசியுதுன்னு மூணு நாளா சொல்லிகினு இருந்தார். அறுவடை நெல்லு மலை மாதிரி வந்து குவிஞ்சிருக்குது, ஒரு வாரம் ஓட்டுன்னான் முதலாளி. நாலாம் நாள் வெடிச்சது. மாட்டு வண்டியில வாழை இலை போட்டுப் படுக்க வெச்சி வேலூர் ஆஸ்பத்திரிக்கு எடுத்துகினு போனோம். கண்ணமங்கலம் கூட தாண்டல. "தண்ணி, தண்ணி"ன்னு கேட்டார். கொடுக்கக் கூடாதுன்னு யாரோ சொன்னாங்க, நான் கொடுக்கல.

மறுநாள் போலீஸ் வந்தது. ஆறுமுகம் குடிச்சிட்டு வந்து வால்வைத் திருகிட்டான்னு காயிதம் தயாரா இருந்தது. கள்ளு வாடையே ஆகாத மனுஷன் நம்ம அப்பா. அந்தக் காயிதத்துல நாலு பேர் கையெழுத்து. முதல் கையெழுத்து நம்ம அம்மா கூடப் பிறந்த அய்யாக்கண்ணு மாமாவோடது. அவரும் அங்கேதான் வேலை செஞ்சார், அவரும் "போடு"ன்னதும் போட்டார். அம்மா மிச்சம் இருந்த ரெண்டு வருஷமும் குடிகாரன் பொண்டாட்டின்னு பேர் வாங்கிகினுதான் செத்தா. மாமா அவ சாவுக்கு வந்தார், தெரு முனையில நின்னு பார்த்துட்டுப் போனார். வாசலுக்கு வரல.

அந்தப் பொம்பளைக்குப் பிள்ளை இருக்குதா? இருந்தா, அது காதுல இப்ப "திருடன் பெத்தது"ன்னு விழுந்துகினு இருக்கும். விழ வெச்சது நீ. உன்னைக் கஞ்சி ஊத்தி வளர்த்தவ நான். எனக்கு உன்னை விட என் மேலதான் ஆத்திரமா வருது.

இனி எனக்கு எழுதாதே.


மோர்கேடா
12-7-1981

அக்காவுக்கு,

நீ எழுதாதேன்னதுக்கு அப்புறம் இது மூணாவது கடிதம். மே மாசம் ஒண்ணு, ஜூன்ல ஒண்ணு போட்டேன். மச்சான் கார்டு போட்டிருந்தார். என் கடிதங்களை வாங்கி சாமி மாடத்துல வெக்கிறியாம், பிரிக்கிறதே இல்லையாம். அந்த ரெண்டையும் பிரிக்க வேண்டாம், அதுல ஒண்ணும் இல்ல. இதைப் பிரி. இதை ரெஜிமெண்ட் தபால்ல போடல, பஜார் போஸ்ட் ஆபீசுக்கு நடந்து போய்ப் போடறேன்.

தனக்கோடிக்குத் தெரிஞ்சது பாதிதான்.

கன்டோன்மெண்டுக்கும் துலாரிக்கும் நடுவுல ஒரு ஓடை. ஓடைக்கு அந்தப் பக்கம் இருக்கிற புல்வெளிதான் குண்டு சுடற மைதானம். அது பட்டாளத்து நிலம் இல்ல அக்கா, அந்த ஜனங்க நிலம். பயிற்சி நடக்கிற நாள்ல மட்டும் சிவப்புக் கொடி ஏத்தி அவங்களைத் தள்ளி இருக்கச் சொல்வோம். கொடி இறங்கினா அவங்க மாடு ஓட்டலாம், புல்லு அறுக்கலாம். சட்டமே அதுதான்.

பிப்ரவரி மூணாம் தேதி நாற்பது குண்டு சுட்டாங்க. எத்தனை வெடிச்சதுன்னு எண்ணி எழுதறது என் வேலை. முப்பத்தெட்டு வெடிச்சது. மீதி ரெண்டையும் தேடி, வெடிக்க வெச்சி அழிச்ச பிறகுதான் கொடியை இறக்கணும். மறுநாள் ஜெனரல் வர்றார். சுபேதார் என்னைத் தனியா கூப்பிட்டார். "கொடி இன்னும் ரெண்டு நாள் பறந்தா ஏன்னு கேப்பாங்க. நாற்பதுன்னு எழுது. மைதானம் சுத்தம்னு கையெழுத்து போடு. அவர் போனதும் நாம தேடிக்கலாம்"னார். முப்பத்தெட்டை அடிச்சிட்டு நாற்பதுன்னு எழுதினேன். கொடியை இறக்கினாங்க. அவர் போனார். யாரும் தேடப் போகல. நானும் போகல.

ஆறாம் தேதி காலையில அது வெடிச்சது. கொடி இறங்கி மூணு நாள் ஆயிருந்தது. அவங்க திருட வரல. புல்லு அறுக்கத்தான் வந்தாங்க. அரிவாள் பட்டதோ, கையால எடுத்தாங்களோ தெரியாது. கொடி பறந்துகினு இருந்ததுன்னு அப்புறம் எழுதி வாங்கினாங்க. முதல் பொய்யைக் காப்பாத்த ரெண்டாவது பொய்.

செத்தவ பேர் கேசர். எனக்கு மூணு வருஷமா பால் ஊத்தினவ அவதான். "மதராசி அண்ணே, உங்க ஊர்ல மாடு தமிழ் பேசுமா"ன்னு கேட்டுச் சிரிப்பா. அவளுக்கு கங்கான்னு பதிமூணு வயசுல ஒரு பொண்ணு இருக்குது. நீ கேட்டதுக்கு அதுதான் பதில்.

இன்னும் ஒண்ணு இருக்குது. இதை எழுத ரெண்டு மாசம் ஆச்சு எனக்கு. வெடிச்சது ஒரு குண்டுதான். ரெண்டாவது அங்கேயேதான் கிடக்குது. மழைக்கு முன்னாடி நான் தனியா போய்ப் பார்த்தேன். ஓடை ஓரமா புரச மரத்துக்குக் கீழே, பாதி மண்ணுக்குள்ள, பாதி வெளியே. பார்த்தேன். பார்த்துட்டுத் திரும்பி வந்துட்டேன். அதைச் சொன்னா நாற்பதுன்னு எழுதினது பொய்னு ஆயிடும்.

உன் உடம்பைப் பார்த்துக்க அக்கா. என்னை வேணும்கிற மட்டும் திட்டு. ஆனா எழுது.

சக்கரவர்த்தி


ஆரணி
19-7-1981
எக்ஸ்பிரஸ் டெலிவரி

டேய்,

நலம் விசாரிக்க இப்ப நேரம் இல்ல.

பார்த்துட்டுத் திரும்பி வந்துட்டேன்னு எழுதி இருக்கிறியே, அதை எழுதிட்டு எப்படிடா தூங்கினே? மழை பேஞ்சி புல்லு வளர்ந்திருக்குமே. அறுக்க வருவாங்களே. அம்மா செத்துட்டா, அப்பன் ஜெயில்ல, இப்ப மாட்டுக்குப் புல்லு அறுக்கப் போறது யாரு? அந்தப் பொண்ணுதானே போவும்? இதை யோசிச்சியா, இல்லையா?

என்னைத் திட்டுன்னு கேக்கறே. திட்டு வாங்கிட்டா தீர்ந்துடும்னு பார்க்கறே. எனக்கு உன்னைத் திட்டக்கூட நேரம் இல்ல. கோர்ட்டு, கேசு, பட்டை, பென்ஷன் எல்லாம் அப்புறம். இந்தக் காயிதத்தைக் கீழே வெச்சிட்டு ஜல்தியா கிளம்பு. அந்த ஊர் ஜனங்களைக் கூப்பிட்டு இடத்தைக் காட்டு. காட்டிட்டு எனக்கு எழுது.

அது வரைக்கும் நான் உன் அக்கா இல்ல.


மோர்கேடா, குவார்ட்டர் கார்டு
16-8-1981

அக்காவுக்கு,

உன் காயிதம் ஜூலை இருபத்தஞ்சு சனிக்கிழமை வந்தது. மறுநாள் காலையில சட்டை வேட்டியோட துலாரிக்குப் போனேன்.

முதல்ல என்னைப் பார்த்தது கங்காதான். தலையில புல்லுக்கட்டு. நீ எழுதினதேதான். "எங்கே அறுத்தே"ன்னு கேட்டேன். ஓடைப் பக்கம் கை காட்டினா. அங்கேயே தரையில உட்கார்ந்துட்டேன்.

அதுக்குள்ள ஆளுங்க கூடிட்டாங்க. நான் யார்னு தெரிஞ்சதும் ஒரு பெரியவர் தடியால தோள்பட்டையில ஒண்ணு போட்டார். "இன்னும் அடிங்க, ஆனா முதல்ல என் கூட வந்து அதைப் பாருங்க"ன்னு கையெடுத்துக் கும்பிட்டேன். வந்தாங்க. புரச மரத்துக்கு நாலு அடி தள்ளி ஆட்டுக் குளம்பு பதிஞ்ச தடம். குண்டைச் சுத்தி இருந்த புல்லைப் பாதி வரைக்கும் அறுத்திருந்தாங்க. கல்லு எடுத்துகினு வந்தோம். அம்பது அடிக்கு வட்டமா அடுக்கிச் சுண்ணாம்பு பூசினோம். பொம்பளைங்க கூட கல்லு தூக்கினாங்க. கங்கா மட்டும் தூரத்துல நின்னு என்னையே பார்த்துகினு இருந்தா.

திங்கட்கிழமை எல்லாத்தையும் எழுதினேன். நாற்பதுன்னு திருத்தினது, கொடி இறங்கினது, ரெண்டாவது குண்டு, எல்லாம். ஒரு பிரதி எங்க கமாண்டிங் ஆபீசருக்கு. இன்னொண்ணை ஜில்லா கலெக்டருக்கு ரிஜிஸ்டர் தபால்ல போட்டுட்டு, ரசீதைத் தனக்கோடிகிட்ட கொடுத்த பிறகுதான் ஆபீசுக்குள்ள போனேன். இல்லன்னா அந்தக் காயிதம் குப்பைக்குத்தான் போயிருக்கும்.

சுபேதார் வந்து முகத்துக்கு முன்னாடி நின்னார். "நாற்பதுன்னு என்கிட்ட சொன்னது நீ. உன்னை நம்பி நான் மேல சொன்னேன். அவ்வளவுதான் எனக்குத் தெரியும்"னார். கண்ணைச் சிமிட்டாம சொன்னார் அக்கா. எனக்கு அடிக்கக் கை எழுந்துச்சி, அடக்கிகினேன். ஆனா நாற்பதுன்னு எழுதின கை என் கைதானே.

அன்னைக்கே என்னைப் பிடிச்சி இந்த குவார்ட்டர் கார்டு காவல் அறையில வெச்சிட்டாங்க. ஆகஸ்ட் மூணாம் தேதி பகல்ல ஒரு சத்தம் கேட்டது, அறை ஜன்னல் கம்பி அதிர்ந்தது. காவலுக்கு நின்ன பையன் சொன்னான், துலாரி ஓடையில அந்தக் குண்டை அழிச்சிட்டாங்கன்னு. கலெக்டர் ஆபீசுல இருந்து ஆள் வந்து நின்னுதான் நடந்ததாம்.

கேசர் புருஷன் மங்கள் கேசு செப்டம்பர் பதினாலு. என்னையும் சாட்சிக்குக் கூப்பிட்டிருக்காங்க.

பயமா இருக்குது அக்கா. நீயும் மச்சானும் பிள்ளைங்களும் சுகம்தானே? இப்பவாவது எழுது.

சக்கரவர்த்தி


ஆரணி
30-8-1981

தம்பி சக்கரவர்த்திக்கு அக்கா எழுதுவது. நாங்க சுகம். தோள்பட்டை வலி எப்படி இருக்குது? வெந்நீர் கிடைச்சா ஒத்தடம் கொடு. எங்கே கிடைக்கப் போவுது அங்கே.

ஆடி கடைசி வெள்ளிக்கு படவேட்டு அம்மன் கோயிலுக்குப் போகல நான். பெரணமல்லூர் பஸ் ஏறினேன். அய்யாக்கண்ணு மாமாவைப் பார்க்கப் போனேன்.

நல்லது பேசப் போகல. பதினெட்டு வருஷமா அடக்கி வெச்சதைக் கொட்டிட்டு வரலாம்னு போனேன். கட்டில்ல உட்கார்ந்து வேர்க்கடலை உரிச்சிகினு இருந்தார். என்னைப் பார்த்ததும் யார்னு தெரிஞ்சிடுச்சி, எழுந்துட்டார். "ஏன் மாமா போட்டீங்க"ன்னேன். வேற ஒண்ணும் கேக்கல.

"ரெண்டு பொண்ணுங்க இருந்துச்சி ரேணு. போடலன்னா வேலை இல்லன்னான்"னார்.

"வேலை இருந்துச்சா?"

"அடுத்த தையில அனுப்பிட்டான்."

"எங்க அப்பா குடிப்பாரா மாமா?"

"இல்லம்மா."

"அதை எங்க அம்மாகிட்ட வந்து சொல்ல உங்களுக்கு ரெண்டு வருஷம் டைம் இருந்துச்சே. அவ சாவுக்குத் தெரு முனை வரைக்கும் வந்தீங்களே, இன்னும் இருவது அடி நடக்க முடியலையா?"

"எந்த மூஞ்சை வெச்சிகினு வர்றது"ன்னார். அத்தை மோர் கொண்டாந்தாங்க. நான் தொடல. மாமா அழுதார். அழுதா அழட்டும்னு வந்துட்டேன். மன்னிக்கல. பஸ்ல வரும்போது கொஞ்சம் மனசு இளகுமோன்னு பார்த்தேன், அதுவும் இல்ல. இதை ஏன் உனக்கு எழுதறேன்னா, நீ கோர்ட்டுல உண்மையைச் சொல்லிட்டா அந்த மங்கள் உன்னைக் கட்டிப் பிடிச்சிக்குவான்னு எதிர்பார்த்துகினு போகாதே. அது நடக்காது. இருந்தாலும் சொல்லு. அவன் ஜெயில்ல இருந்து வரணும், அதுக்காகச் சொல்லு.

பயமா இருக்குதுன்னு எழுதி இருக்கிறே. எனக்கும்தான். பயந்துகினே சொல்லு, வார்த்தை மட்டும் மாறக் கூடாது.

இதைத் தனக்கோடி பேருக்கு அனுப்பறேன். அந்தப் புள்ளகிட்ட உனக்கு ஏதாவது சண்டை இருந்தா மன்னிப்பு கேள்.

அக்கா


மோர்கேடா ரயில்வே ஸ்டேஷன்
15-11-1981

அன்புள்ள அக்காவுக்கு,

என் உடம்பு நல்லா இருக்குது. இளைச்சிருக்கிறேன், அவ்வளவுதான்.

கோர்ட்டுல நடந்ததைத் தனக்கோடி எழுதி இருப்பான். சர்க்கார் வக்கீல் என் பழைய வாக்குமூலத்தைக் காட்டி, "இது உன் கையெழுத்தா"ன்னார். "ஆமா, அது பொய்"னேன். "கொடி எப்ப இறங்குச்சி?" "மூணாம் தேதி சாயங்காலம்." "அப்படின்னா உள்ளே வந்தது குத்தமா?" "இல்ல. வரலாம்னு நாங்கதான் கொடியை இறக்கினோம்." கூண்டுல மங்கள் துணி சுத்தின கையை மார்போட சேர்த்து வெச்சிகினு நின்னிருந்தான். என் பக்கம் திரும்பவே இல்ல. பத்து நாள் கழிச்சி அவனை விடுதலை பண்ணினாங்க.

எனக்கு ராணுவ விசாரணை நடந்தது. பொய்க் கணக்கு எழுதினதுக்கு ஒரு மாசம் சிறை, பட்டை போச்சு, வேலையும் போச்சு, பென்ஷன் கிடையாது. தண்டனை சரிதான். ஆனா எனக்கு மட்டும்தான் தண்டனை. மேஜரை வேற ஊருக்கு மாத்திட்டாங்க, பதவி உயர்வோட. சுபேதாருக்கு ஒண்ணும் இல்ல. அவர் பொண்ணு கல்யாணத்துக்கு பேண்டு வாத்தியம் போச்சு. இதை நினைச்சா எனக்கு ரத்தம் கொதிக்குது அக்கா. உனக்கு அப்பா விஷயத்துல எப்படி இருந்திருக்கும்னு இப்பத்தான் தெரியுது.

நேத்து வெளியே விட்டாங்க. நேரா துலாரிக்குப் போனேன். நீ எழுதினது ஞாபகம் இருந்தது. ஒண்ணும் எதிர்பார்க்காமத்தான் போனேன்னு நினைச்சேன். ஆனா மனசுக்குள்ள எங்கேயோ எதிர்பார்த்திருக்கேன் போல.

மங்கள் வாசல்லயே நிக்க வெச்சான். கங்கா ஒரு சொம்புல தண்ணி கொண்டாந்தா. அவன் அந்த ஒத்தைக் கையால தட்டி விட்டான். "இவன் நம்ம வீட்டுப் பாலைக் குடிச்சவன். இனி தண்ணி கூட கிடையாது"ன்னான். அப்புறம் என்கிட்ட சொன்னான்: "என் பொண்டாட்டி செத்து ஏழு மாசம் கழிச்சி உனக்கு வாய் வந்துச்சி. ஏழு மாசம் அவளைத் திருடின்னு ஊரெல்லாம் சொன்னாங்க. எனக்குக் கையைச் சரியா கட்டக் கூட ஜெயில்ல ஆள் இல்ல. என் பொண்ணு அந்தக் குண்டுக்குப் பக்கத்துல புல்லு அறுத்துகினு இருந்தா. அது உனக்குத் தெரியும். தெரிஞ்சும் நீ பவுடர் பால்ல டீ குடிச்சிகினு இருந்தே. இப்ப எதுக்கு வந்தே? நீ நல்லவன்னு நான் சொல்லணுமா?"

நான் பதில் சொல்லல. அவன் சொல்லி முடிக்கிற வரைக்கும் நின்னேன். அரை மணி இருக்கும். முடிச்சிட்டு உள்ளே போயிக் கதவைச் சாத்தினான். நானும் நடந்து வந்துட்டேன்.

கையில ஒரு டிரங்குப் பெட்டிதான் இருக்குது. மெட்ராஸ் வரைக்கும் டிக்கெட் கொடுத்திருக்காங்க. ஊருக்கு வரட்டுமா, வேண்டாமா? மெட்ராசுலேயே ஏதாவது வாட்ச்மேன் வேலை பார்த்துகினு இருந்துடலாம்னு தோணுது. தெருவில எல்லாரும் கேப்பாங்க. உனக்கு ஏன் தலைகுனிவு. உன் கோபம் தீர்ந்திருந்தா ஒரு வரி எழுது. தனக்கோடியோட அண்ணன் வீட்டு விலாசம் பின்னாடி எழுதி இருக்கிறேன், பதில் வர்ற வரைக்கும் அங்கே இருப்பேன்.

சக்கரவர்த்தி


ஆரணி
21-11-1981

தம்பிக்கு அக்கா ரேணுகாம்பாள் எழுதுவது. நாங்க எல்லாரும் நல்லா இருக்கிறோம். நாலு நாளா விடாம மழை, ஈரத்துல தறியில பாவு நூல் முறுக்கிகினு பேஜார் பண்ணுது. மச்சான் சும்மா உட்கார்ந்து கூரையைப் பார்த்துகினு இருக்கார்.

கோபம் தீர்ந்துடுச்சான்னு கேக்கறே. தீரல. அந்த சுபேதார் பேண்டு வாத்தியத்தைப் படிச்சதுல இருந்து எனக்கு ராட்டைகூட சரியா சுத்த வரல, நூல் அறுந்து அறுந்து போவுது. உன் மேலயும் தீரல. நாற்பதுன்னு எழுதினியே, அது மேல தீராது. தீரணும்னு நீ காத்திருந்தா மெட்ராஸ்லயே கிழவனாயிடுவே.

மங்கள் சொன்னது ஒவ்வொண்ணும் சரி. அவன் இடத்துல நான் இருந்தா கையில கல்லு இருந்திருக்கும். நீ ஒரு பதிலும் சொல்லாம நின்னு கேட்டேன்னு எழுதி இருக்கிறே. அந்த வரியை மட்டும் மச்சானுக்கு ரெண்டு தடவை படிச்சிக் காட்டினேன்.

தெருவில ஏற்கெனவே கேக்க ஆரம்பிச்சிட்டாங்க. குழாயடியில ஒருத்தி, "உன் தம்பியைப் பட்டாளத்துல இருந்து துரத்திட்டாங்களாமே"ன்னா. குடத்தைக் கீழே வெச்சேன். "ஆமா, துரத்திட்டாங்க. ஏன்னு தெரியணும்னா உட்காரு, முதல்ல இருந்து சொல்றேன்"னேன். நீ எழுதின பொய்யையும் சேர்த்தேதான் சொன்னேன், ஒண்ணையும் மறைக்கல. தண்ணி நின்னு போற வரைக்கும் சொன்னேன். அங்கே இருந்த அத்தனை பேரும் கேட்டாங்க. அதனால உனக்கு இங்கே வந்து மறைக்கறதுக்கு ஒண்ணும் இல்ல. யாருக்கும் புதுசா சொல்றதுக்கும் ஒண்ணும் இல்ல.

வாட்ச்மேன் வேலை எல்லாம் வேணாம். காட்பாடி வழியா வந்தா சாயங்கால பஸ் பிடிச்சிடலாம். வா. சோறு போடுவேன், திட்டவும் செய்வேன். ரெண்டும் இருக்கும் இந்த வீட்ல.

ஆனா ஒண்ணு. தலையைத் தொங்கப் போட்டுகினு தெருவுக்குள்ள நுழைஞ்சே, வெளக்கமாத்தை எடுத்துகினு நானே எதிர்ல வருவேன்.

உன் அக்கா
ரேணுகாம்பாள்